முந்திரி விவசாயிகள் குழு சேர்வது எப்படி? பண்ருட்டிப் பக்கம் அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

கடலூர் மாவட்டத்தில் பண்ருட்டி, காடாம்புலியூர், நடுவீரப்பட்டு, குறிஞ்சிப்பாடி, விருத்தாசலம் பக்கம் ஒரு ஏக்கர், இரண்டு ஏக்கர் தோப்பு வைத்திருப்பவர்கள் குழு சேரலாமா என்று பேச ஆரம்பித்ததும் வரிசையாக வரும் கேள்விகள் இவை. எனக்கும் தோப்பு இருக்கிறது. குழுக்களின் காகித வேலைகளிலும் கூட இருக்கிறேன். அந்தப் பழக்கத்தில் எழுதுகிறேன். நடுவில் நீலகிரித் தேயிலை விவசாயிகளும் வருவார்கள். சிறு விவசாயி கூடி நின்றால் என்ன கிடைக்கும், எங்கே இடறும் என்று அவர்கள் அறுபது வருடமாகப் பார்த்தவர்கள்.

மூன்று மூட்டை விற்கிற எனக்குக் குழு எதற்கு?

மூன்று மூட்டைக்காரருக்குத்தான் குழு வேண்டும். நூறு மூட்டை வைத்திருப்பவர் வீட்டுக்கு வியாபாரியே வண்டி அனுப்பிவிடுவார்.

நம் பக்கம் கொட்டை பொறுக்குவது பங்குனி, சித்திரை, வைகாசி என்று மூன்று மாதத்துக்குள் முடிந்துவிடுகிறது. எல்லார் வீட்டுச் சரக்கும் ஒரே நேரத்தில் மண்டிக்குப் போகிறது. ஐவரி கோஸ்ட், கானா, பெனின் போன்ற மேற்கு ஆப்பிரிக்க நாடுகளிலும் கிட்டத்தட்ட அதே மாதங்களில்தான் அறுவடை. இந்திய ஆலைகள் உடைக்கும் கொட்டையில் பாதிக்கு மேல் வெளிநாட்டுச் சரக்கு. அது என்ன விலைக்கு வந்து இறங்குகிறது என்பது வாங்குகிறவருக்குத் தெரியும், விற்கிற நமக்குத் தெரியாது. ஈரத்துக்கு இவ்வளவு கழிவு, சாக்குக்கு இவ்வளவு கழிவு என்று அவர் சொல்வதை மூன்று மூட்டையோடு நிற்கிறவர் மறுத்துப் பேச முடிவதில்லை. திரும்ப வண்டி வைத்து வீட்டுக்கு எடுத்துப் போகவும் கட்டாது.

முந்திரிக்குக் குறைந்தபட்ச ஆதரவு விலை கிடையாது. கரும்புக்காவது ஒன்றிய அரசு அறிவிக்கும் விலை என்று ஒன்று இருக்கிறது, அதைக் கையில் வைத்துச் சண்டை போடலாம். நமக்கு அதுவும் இல்லை.

குழு சேர்ந்தால் முதலில் செய்ய வேண்டியது என்ன?

பதிவு, பெயர்ப்பலகை, வங்கிக் கணக்கு எல்லாம் அப்புறம். முதலில் சேர்ந்து எடை போடுங்கள், சேர்ந்து வெட்டிப் பாருங்கள்.

முந்திரி வியாபாரத்தில் கணக்கு 80 கிலோ மூட்டைக்கு. அந்த 80 கிலோவில் பருப்பு எவ்வளவு தேறும் என்பதில்தான் விலை இருக்கிறது. அதை வீட்டுத் திண்ணையிலேயே கண்டுபிடிக்கலாம். நன்றாகக் காய்ந்த சரக்கில் மேலே, நடுவே, அடியே என்று பல மூட்டைகளில் இருந்து கொஞ்சம் கொஞ்சமாக எடுத்துக் கலந்து, சரியாக ஒரு கிலோ நிறுத்துக்கொள்ளுங்கள். முதலில் எண்ணுங்கள். ஒரு கிலோவுக்கு எத்தனை கொட்டை என்பதே பாதிக் கதை சொல்லிவிடும். எண்ணிக்கை கூடினால் கொட்டை சிறுத்திருக்கிறது. அப்புறம் ஒவ்வொன்றாக நீளவாக்கில் வெட்டி, பருப்பைத் தோலோடு எடுத்து மூன்றாகப் பிரியுங்கள்: நல்லது ஒரு பக்கம், சுருங்கியது, புள்ளி விழுந்தது ஒரு பக்கம், பூஞ்சையும் பொக்கும் இன்னொரு பக்கம். நல்ல பருப்பின் எடையோடு, இரண்டாவது வகையின் எடையில் பாதியைக் கூட்டுங்கள். பூஞ்சை, பொக்குக்கு மதிப்பில்லை.

உதாரணத்துக்கு 270 கிராம் வந்தது என்று வையுங்கள். 80 கிலோவுக்கு 21.6 கிலோ. வியாபாரத்தில் இதைப் பவுண்டில் சொல்வார்கள். ஒரு பவுண்டு 453.6 கிராம் என்பதால் இது 47 பவுண்டுக்கு மேல். இனிமேல் மண்டியில் “உங்க சரக்கு சுமார்தாங்க” என்று யாரும் சொல்லிவிட முடியாது. எங்கள் சரக்கு 47 தேறுகிறது, அதற்கு என்ன விலை என்று கேட்கலாம். கொட்டையை வெட்டும்போது தோட்டுப் பால் கையில் பட்டால் வெந்துவிடும், எண்ணெயோ சாம்பலோ தடவிக்கொள்ளுங்கள். கண்ணிலும் தெறிக்காமல் பார்த்துக்கொள்ள வேண்டும்.

இதை இருபது பேர் முன்னால் ஒருமுறை செய்து காட்டினால் போதும். குழு எதற்கு என்ற கேள்வி அதற்குப் பிறகு குறைந்துவிடுகிறது.

சங்கமா, கூட்டுறவா, கம்பெனியா? எதில் பதிவு செய்வது?

உங்களுக்கு என்ன வேலை ஆக வேண்டும் என்பதைப் பொறுத்தது.

மனு கொடுக்க, அதிகாரிகளைப் பார்க்க, போராட மட்டும் என்றால் சங்கம் போதும். 1975ஆம் ஆண்டு தமிழ்நாடு சங்கங்கள் பதிவுச் சட்டத்தில் ஏழு பேர் சேர்ந்தால் பதியலாம். ஆனால் கொட்டை வாங்கி விற்று லாபம் பிரிக்கும் வேலைக்கு அது பொருந்தாது.

கூட்டுறவுச் சங்கம் 1983ஆம் ஆண்டுச் சட்டத்தில் வரும். குறைந்தது 25 பேர் வேண்டும். அரசின் கை அதில் நிறைய இருக்கும். அது சில நேரம் பலம், சில நேரம் பாரம்.

உழவர் உற்பத்தியாளர் நிறுவனம் என்பது கம்பெனிச் சட்டத்தில் வருவது. 2002இல் சட்டத்தைத் திருத்தி இதற்கு இடம் கொடுத்தார்கள். பத்து உற்பத்தியாளர்கள் சேர்ந்து தொடங்கலாம், இயக்குநர்கள் ஐந்து பேராவது வேண்டும், பதினைந்துக்கு மேல் போகக்கூடாது. விவசாயிகளே உறுப்பினர்களாக உள்ள நிறுவனத்தில் எவ்வளவு பங்கு வைத்திருந்தாலும் ஆளுக்கு ஒரே ஓட்டு. பத்து ஏக்கர்காரருக்கும் அரை ஏக்கர்காரருக்கும் கை ஒன்றுதான். எனக்கு இந்த ஒரு விதிக்காகவே இதைப் பிடிக்கும்.

நேராக நிறுவனத்துக்குத் தாவ வேண்டியதும் இல்லை. தமிழ்நாட்டில் 2017–18இல் வந்த கூட்டுப் பண்ணையத் திட்டத்தில் 20 பேர் சேர்ந்து உழவர் ஆர்வலர் குழு, ஐந்து குழு சேர்ந்து 100 பேர் கொண்ட உழவர் உற்பத்தியாளர் குழு என்று படிப்படியாக ஏறினார்கள். இந்த வரிசை நல்ல வரிசை. இருபது பேர் ஒரு பருவம் சேர்ந்து விற்றுப் பார்க்கட்டும். யார் சொன்ன நேரத்துக்கு வருகிறார், யார் கணக்கைச் சரியாக எழுதுகிறார் என்பது அதற்குள் தெரிந்துவிடும்.

நீலகிரி தேயிலை விவசாயிகளிடம் நமக்கு என்ன பாடம்?

நிறைய இருக்கிறது. மலையில் ஒரு ஏக்கர், இரண்டு ஏக்கர் தேயிலை வைத்திருப்பவருக்கு நம்மை விடக் கடினமான நிலைமை. பறித்த பச்சைத் தேயிலையை அன்றைக்கே தொழிற்சாலையில் சேர்க்க வேண்டும், இல்லையென்றால் வாடிக் கெட்டுவிடும். விலை பிடிக்கவில்லை என்று வீட்டில் வைக்க முடியாது.

அதனால் அவர்கள் தொழிற்சாலையையே சொந்தமாக்கிக்கொள்ளப் பார்த்தார்கள். 1960களின் தொடக்கத்தில் குந்தாவில் கூட்டுறவுத் தேயிலைத் தொழிற்சாலை வந்தது. பிறகு ஒவ்வொரு பகுதியாகப் பரவி, 1965இல் இவற்றுக்கெல்லாம் இணையமாக இன்ட்கோசர்வ் அமைந்தது. குன்னூரில் அதன் தலைமையகம். ஆயிரக்கணக்கான சிறு விவசாயிகள் அதன் உறுப்பினர்கள்.

சட்டத்திலும் ஒரு பிடி கிடைத்தது. 2003ஆம் ஆண்டுத் தேயிலை விற்பனைக் கட்டுப்பாட்டு ஆணையின்படி, விவசாயியிடம் இலை வாங்கும் தொழிற்சாலை, தூள் விற்ற விலையில் இவ்வளவு பங்கை இலைக்குத் தர வேண்டும். விவசாயிக்கு 65, தொழிற்சாலைக்கு 35 என்பது பங்கு. தேயிலை வாரியம் மாதாமாதம் இலைக்குச் சராசரி விலை அறிவிக்கிறது. முந்திரியில் இப்படி ஒன்றை நினைத்துக்கூடப் பார்த்ததில்லை நாம்.

ஆனால் இதோடு கதை முடியவில்லை. பங்குக் கணக்கு என்பது ஏலத்தில் கிடைத்த விலையைப் பிரிக்கும் கணக்குதான். ஏலத்தில் தூள் விலை விழுந்தால் 65 பங்கும் சேர்ந்து விழும். 2023 செப்டம்பரில் நீலகிரியில் படுகர் கிராமங்களில் விவசாயிகள் தொடர் உண்ணாவிரதம் உட்கார்ந்தது இதனால்தான். பச்சைத் தேயிலைக்கு உற்பத்திச் செலவோடு லாபமும் சேர்த்து விலை வேண்டும் என்பது அவர்கள் கோரிக்கை.

இன்னொரு பாடமும் இருக்கிறது, அது கொஞ்சம் கசப்பானது. தனியார் ஏஜென்ட் கிலோவுக்கு ஒரு ரூபாய் கூடத் தந்தால் கூட்டுறவு உறுப்பினரே இலையை அங்கே போடுவதுண்டு. தன் தொழிற்சாலைக்கு இலை குறைந்து, அதன் செலவு ஏறி, கடைசியில் அந்தச் சுமை திரும்ப உறுப்பினர் தலையில்தான் விழும். யாரையும் குறை சொல்ல முடியாது, வீட்டில் அவசரம் இருக்கும். ஆனால் குழு கரைவது இப்படித்தான்.

நம்மிடம் இருப்பதும் அவர்களிடம் இல்லாததும் அவகாசம். வெயிலில் இரண்டு மூன்று நாள் நன்றாகக் காய்ந்த கொட்டை மாதக்கணக்கில் கெடாது. காத்திருக்க முடிகிற சரக்கை வைத்துக்கொண்டு நாம் காத்திருக்காமல் விற்கிறோம். ஏன் என்பது அடுத்த கேள்வி.

வியாபாரியிடம் முன்பணம் வாங்கியிருக்கிறேன். நான் குழுவில் சேர முடியுமா?

சேரலாம். உண்மையைச் சொன்னால், நம் பக்கம் குழுவுக்குப் போட்டி வியாபாரி கொடுக்கும் விலை இல்லை, அவர் கொடுக்கும் முன்பணம். பிள்ளைக்குக் கல்லூரிக் கட்டணம், வீட்டில் ஒரு ஆபரேஷன், காதுகுத்து என்று எந்த நேரத்தில் போய் நின்றாலும் காகிதம் கேட்காமல் எடுத்துக் கொடுப்பார். அந்த உதவியைச் சிறுமைப்படுத்திப் பேசக்கூடாது. வங்கி அதைச் செய்வதில்லை. ஆனால் பூ பூக்கும் முன்பே கொட்டையின் விலை அங்கே முடிவாகிவிடுகிறது. சில பேர் மரத்தையே குத்தகைக்கு விட்டுவிடுகிறார்கள்.

“இனிமேல் வியாபாரியிடம் போகாதீர்கள்” என்று முதல் கூட்டத்தில் தீர்மானம் போடும் குழு ஒரு பருவம்கூடத் தாங்காது. முதல் வருடம் ஒவ்வொருவரும் ஒரே ஒரு மூட்டையைக் குழுவுக்குக் கொடுக்கட்டும். மீதியை வழக்கம்போல் விற்கட்டும், கடனையும் நாணயமாக அடைக்கட்டும். அந்த ஒரு மூட்டைக்குக் கிடைத்த விலையையும் மற்றவற்றுக்குக் கிடைத்த விலையையும் பக்கத்தில் பக்கத்தில் எழுதி வைத்துப் பார்த்தால் அடுத்த வருடம் எத்தனை மூட்டை என்பதை அவரே முடிவு செய்வார்.

அவசரப் பணத்துக்கு வழி இரண்டு. ஒன்று, குழுவுக்குள் மாதச் சேமிப்பு. மகளிர் குழுக்கள் இதை நமக்கு முன்னாலேயே செய்து காட்டியிருக்கின்றன. இன்னொன்று பொருளீட்டுக் கடன். ஒழுங்குமுறை விற்பனைக்கூடத்தில் சரக்கை இருப்பு வைத்து அதன் மதிப்பில் 75 சதவீதம் வரை கடன் வாங்கலாம், 180 நாள் வரை வைத்திருந்து விலை பார்த்து விற்கலாம். உங்கள் பகுதிக் கூடத்தில் முந்திரிக்கு இடம் ஒதுக்க முடியுமா என்று தை மாதமே போய்க் கேளுங்கள். ஒருவர் போய்க் கேட்பதை விட இருபது பேர் கையெழுத்தோடு கேட்டால் பதில் வேறு மாதிரி வரும்.

நிலம் வீட்டுக்காரர் பெயரில் இருக்கிறது. நான் உறுப்பினராகலாமா?

ஆகலாம் அம்மா. கம்பெனிச் சட்டம் உற்பத்தியாளர் என்று சொல்வது, விளைபொருள் சம்பந்தப்பட்ட வேலையில் இருப்பவரை. பட்டாதாரரை மட்டும் இல்லை. கொட்டை பொறுக்குவது, பழத்தில் இருந்து திருகி எடுப்பது, காயவைப்பது, உடைப்பது, தோல் உரிப்பது என்று முந்திரியில் பெரும்பாலான வேலை பெண்கள் கையில்தான் நடக்கிறது. அவர்களை விட்டுவிட்டு முந்திரி விவசாயிகள் குழு என்று பெயர் வைப்பது எனக்குச் சரியாகப் படவில்லை. குத்தகைக்கு எடுத்துச் செய்கிறவர்களுக்கும் இதே பதில்தான். சில திட்டங்களுக்கு மட்டும் நில ஆவணம் கேட்பார்கள், அதைத் தனியாகப் பார்த்துக்கொள்ளலாம்.

அரசு எவ்வளவு பணம் தரும்?

பணத்துக்காக மட்டும் தொடங்குவதாக இருந்தால் தொடங்க வேண்டாம். இருந்தாலும் தெரிந்துகொள்ளுங்கள். ஒன்றிய அரசின் 10,000 உழவர் உற்பத்தியாளர் அமைப்புகள் திட்டம் 2020 பிப்ரவரியில் தொடங்கியது. சமவெளியில் குறைந்தது 300 உறுப்பினர் என்பது அதன் நிபந்தனை. நிர்வாகச் செலவுக்கு மூன்று ஆண்டில் 18 லட்சம் ரூபாய் வரை. உறுப்பினர் போடும் பங்குக்கு ஈடாக ஆளுக்கு 2,000 ரூபாய் வரை, மொத்தத்தில் 15 லட்சத்துக்கு மேல் போகாமல் மானியம். இதெல்லாம் அந்தத் திட்டத்தில் எடுக்கப்பட்ட அமைப்புகளுக்குத்தான். இப்போது எந்தத் திட்டத்தில் இடம் இருக்கிறது என்பதை வேளாண் வணிகத் துறை அலுவலகத்திலும் நபார்டு மாவட்ட அலுவலகத்திலும் கேட்டுக்கொள்ளுங்கள்.

பணம் வந்தால் கணக்கும் வரும். தணிக்கை, ஆண்டுக் கூட்டம், கம்பெனிப் பதிவாளருக்கு ஆண்டறிக்கை எல்லாம் வருடாவருடம் நடக்க வேண்டும். மூன்று ஆண்டு தொடர்ந்து தாக்கல் செய்யவில்லை என்றால் இயக்குநர்கள் ஐந்து ஆண்டுக்குத் தகுதி இழப்பார்கள். ஆகவே “சும்மா ஒரு கையெழுத்து போடுங்க மாமா” என்று கேட்டு யாரையும் இயக்குநர் ஆக்காதீர்கள்.

யாரைத் தலைவராகப் போடுவது?

ஊரில் பெரிய மனிதரைப் போடுவது வழக்கம். அவர் வந்தால் அதிகாரிகள் மதிப்பார்கள் என்பது உண்மைதான். ஆனால் அவருக்கே கமிஷன் மண்டியோ உடைக்கிற ஆலையோ இருந்தால் யோசியுங்கள். வாங்குகிற பக்கத்தில் இருப்பவர் விற்கிற பக்கத்துக்குத் தலைமை தாங்க முடியாது. கட்சிக்காரர் இருக்கலாம், கட்சி இருக்கக்கூடாது. இயக்குநர்களில் ஊரும் தெருவும் காலனியும் கலந்திருக்கட்டும், அதை விதியாகவே எழுதி வையுங்கள். பிறகு பேசிக்கொள்ளலாம் என்று விட்டால் அது நடப்பதில்லை.

ஆலை முதலாளிகளும் நாமும் ஒரே அமைப்பில் இருக்கலாமா?

பேச்சுவார்த்தைக்கு உட்காரலாம், உட்கார வேண்டும். பண்ருட்டியில் உடைக்கிற ஆலைகள் படுத்துவிட்டால் நம் கொட்டைக்குப் பக்கத்தில் வாங்க ஆள் இல்லை. பருப்பு இறக்குமதியைக் கட்டுப்படுத்து என்பதில் இரண்டு பேருக்கும் ஒரே கோரிக்கைதான்.

கொட்டை இறக்குமதியில்தான் வழி பிரிகிறது. 2018இல் கொட்டைக்கான சுங்க வரியை 5 சதவீதத்தில் இருந்து 2.5 சதவீதமாகக் குறைத்தார்கள். ஆலைக்கு அது நிம்மதி, தோப்புக்காரருக்கு அது போட்டி. இரண்டு பேருடைய நியாயத்தையும் ஒரே மனுவில் எழுத முடியாது. அதனால்தான் விவசாயிக்குத் தனி அமைப்பு வேண்டும் என்கிறேன்.

தமிழ்நாடு முந்திரி வாரியம் வருகிறதே, அப்புறம் குழு எதற்கு?

2025–26 வேளாண் நிதிநிலை அறிக்கையில் முந்திரி வாரியத்துக்கு 10 கோடி ரூபாய் அறிவித்தார்கள். நல்ல செய்தி, நம் மாவட்டம் நெடுநாள் எதிர்பார்த்தது. ஆனால் வாரியம் என்பது பல தரப்பும் உட்காரும் மேசை. 1953ஆம் ஆண்டுச் சட்டத்தில் வந்த தேயிலை வாரியத்திலும் தோட்டக்காரர், வணிகர், தொழிலாளர், மாநில அரசுகள் என்று பல தரப்பு உண்டு. ஆலை தரப்பில் யார் பேசுவார் என்றால் உடனே பெயர் சொல்வார்கள், ஏற்றுமதி தரப்பிலும் அப்படியே. இரண்டு ஏக்கர் முந்திரிக்காரர் தரப்பில் யார் என்று கேட்டால் நாம் ஒருவரைக் காட்ட வேண்டும், அவர் பின்னால் உறுப்பினர் பட்டியலும் இருக்க வேண்டும். இப்போதே குழு சேர்ந்தால்தான் அது நடக்கும்.

குறைதீர் கூட்டத்தில் எத்தனையோ மனு கொடுத்தாயிற்று. என்ன பயன்?

ஆட்சியர் அலுவலகத்தில் மாதாமாதம் நடக்கும் விவசாயிகள் குறைதீர்க்கும் நாள் கூட்டத்தை விட்டுவிடாதீர்கள். அங்கே எல்லாத் துறை அதிகாரிகளும் ஒரே இடத்தில் இருக்கிறார்கள். மனுவை மாற்றி எழுதினால் போதும்.

“முந்திரி விலை சரிந்துவிட்டது, நடவடிக்கை எடுக்கவும்” என்று எழுதினால் எந்த அதிகாரியும் அதை வைத்து ஒன்றும் செய்ய முடியாது. “எங்கள் குழுவில் இத்தனை பேர், இத்தனை ஏக்கர், இந்த வாரம் இந்த மண்டியில் மூட்டைக்குக் கிடைத்த விலை இது, ஏக்கருக்கு மருந்து, கூலி, காவல் செலவு இது, விற்பனைக்கூடத்தில் முந்திரிக்கு மறைமுக ஏலம் நடத்தக் கேட்கிறோம்” என்று எழுதினால் அது சம்பந்தப்பட்ட துறை பதில் சொல்லியே ஆக வேண்டிய மனு. மறைமுக ஏலம் என்றால் ஒரு வியாபாரி கேட்கும் விலை மற்றவருக்குத் தெரியாமல் நடக்கும் ஏலம். இதற்கு ஒரு நோட்டு வேண்டும். ஒவ்வொரு உறுப்பினரும் மரம் எத்தனை, எந்தத் தேதியில் எத்தனை கிலோ, யாரிடம் என்ன விலை, என்ன கழிவு என்று எழுதி வர வேண்டும். செலவுப் பக்கத்தில் வீட்டு ஆள் கூலியையும் எழுதுங்கள். நாம் பொறுக்கியதற்குக் கூலி இல்லை என்று நினைத்துக்கொள்வதால்தான் லாபம் இருப்பது போலத் தெரிகிறது.

புயல் வந்தால் குழு என்ன செய்யும்?

2011 டிசம்பர் 30 காலையில் தானே புயல் கடலூருக்கும் புதுச்சேரிக்கும் நடுவே கரை ஏறியது. தலைமுறையாக நின்ற முந்திரியும் பலாவும் வேரோடு சாய்ந்து கிடந்ததைப் பார்த்தவர்களுக்கு அதை விவரிக்க வேண்டாம். ஒட்டுக்கன்று வைத்தாலும் மூன்று நான்கு வருடம் கழித்துத்தான் காய்ப்பு. பலா அதற்கும் மேல்.

நிவாரணம் காகிதத்தைப் பார்த்து வரும். எந்த நிலத்தில் என்ன பயிர் என்று எழுதும் வருவாய்த் துறைப் பதிவேடான அடங்கலில் முந்திரி என்று ஏறியிருக்க வேண்டும். குழு செய்யக்கூடிய பெரிய உதவி இதுதான்: ஐப்பசி பிறக்கும் முன்பே எல்லா உறுப்பினர்களின் அடங்கலையும் சரிபார்த்து, தோப்புகளைத் தேதி தெரியும்படி படம் எடுத்து வைப்பது. நடுவதற்கு விருத்தாசலம் மண்டல ஆராய்ச்சி நிலையத்தின் விஆர்ஐ 3 போன்ற ரகங்களின் ஒட்டுக்கன்றுகளைச் சேர்ந்து பதிவு செய்து வாங்கலாம்.

புயலைப் போலவே எல்லாரும் சேர்ந்து சமாளிக்க வேண்டியது தேயிலைக் கொசு. தேயிலையைத் தாக்கும் பூச்சியின் இனம்தான் நம் முந்திரியின் துளிரையும் பூங்கொத்தையும் கருக்குகிறது. நீங்கள் மட்டும் மருந்து அடித்தால் பக்கத்துத் தோப்பில் இருந்து திரும்ப வரும். துளிர், பூ, பிஞ்சு என்று அந்தந்தப் பருவத்தில் எல்லாரும் ஒரே வாரத்தில் அடித்தால்தான் பலன்.

சொந்தமாக உடைக்கும் ஆலை போட்டுவிடலாமே?

முதல் இரண்டு மூன்று வருடம் வேண்டாம். மூன்று மாதத்தில் வாங்கும் கொட்டையை வருடம் முழுக்க உடைக்க வேண்டும், அவ்வளவு பணமும் சரக்கில் முடங்கும். ஒரு பவுண்டுக்கு எத்தனை பருப்பு என்ற கணக்கில் 180, 240, 320 என்று பருப்பைத் தரம் பிரிக்கக் கைபழகிய ஆட்கள் வேண்டும். முதலில் கொட்டையை நல்ல விலைக்கு விற்கப் பழகுவோம்.

புதுச்சேரிப் பக்கத்து விவசாயிகள் நம் நிறுவனத்தில் சேரலாமா?

சேரலாம். கம்பெனிச் சட்டம் நாடு முழுவதற்கும் ஒன்றுதான். ஆனால் தமிழ்நாடு அரசின் மானியம் தமிழ்நாட்டு நிலத்துக்கும், புதுச்சேரி அரசின் மானியம் அங்குள்ள நிலத்துக்கும்தான் வரும். உறுப்பினர் பதிவேட்டில் வருவாய் கிராமத்தைச் சரியாக எழுதி வைத்தால் பிறகு குழப்பம் வராது.

முதல் கூட்டத்துக்கு என்ன எடுத்து வர வேண்டும்?

ஆதார் நகல், வங்கிப் புத்தக நகல், இருந்தால் பட்டா அல்லது அடங்கல். போன பருவத்தில் விற்ற மண்டிச் சீட்டு கிடைத்தால் கண்டிப்பாகக் கொண்டு வாருங்கள், கழிவு எவ்வளவு பிடித்தார்கள் என்பது அதில்தான் இருக்கும். வீட்டில் இருக்கிற கொட்டையில் ஒரு கிலோ. யாராவது ஒருவர் கிராம் காட்டும் தராசு கொண்டு வந்தால் போதும். கூட்டத்தை மாலை ஆறு மணிக்கு மேல் வையுங்கள், அப்போதுதான் பெண்களும் வேலை முடித்து வந்து உட்கார முடியும்.